திருத்திய விடைத்தாளைப் பார்க்கும் உரிமை: போட்டிப் பரீட்சை எழுதுவோர் அறிந்திருக்க வேண்டியவை

தவணைப் பரீட்சை விடைத்தாள்களை வகுப்பில் திருப்பிக் கொடுக்கும் நாள் எந்த ஆசிரியருக்கும் ஒரு சிறு பரீட்சைதான். தாளைக் கையில் வாங்கிய பிள்ளைகள் முன்பக்கத்திலுள்ள மொத்தப் புள்ளியை நம்புவதில்லை. உள்ளே ஒவ்வொரு வினாவுக்கும் கிடைத்ததைத் தாங்களே கூட்டிப் பார்ப்பார்கள். இருபது வருடங்களாகப் படிப்பிக்கிறேன். "சேர், நாலாவது கேள்விக்குப் புள்ளி போடல்ல" என்று யாராவது ஒருவர் எழுந்து வராத தவணை எனக்கு நினைவில்லை. அப்படி வருவோரில் சிலர் சொல்வது பிழையாக இருக்கும், சிலர் சொல்வது சரியாக இருக்கும். நான் பக்கத்தைப் புரட்டாமல் விட்டிருப்பேன், அல்லது கூட்டலில் தவறியிருப்பேன். சிவப்புப் பேனையால் வெட்டித் திருத்தி, பக்கத்தில் கையெழுத்து வைத்துவிட்டால் விடயம் முடிந்தது.

அதே பிள்ளை பட்டம் பெற்று, அரச சேவைக்கான போட்டிப் பரீட்சையொன்றை எழுதும்போது நிலைமை தலைகீழாகிவிடுகிறது. ஆறாம் வகுப்பில் இருந்த உரிமை முப்பது வயதில் இல்லை. பெறுபேற்றுப் பட்டியலில் பெயர் இருக்கும், அல்லது இருக்காது. சில வேளை பாடவாரியாகப் புள்ளிகள் கிடைக்கும். அந்தப் புள்ளி எவ்வாறு வந்தது என்பதைக் காட்டும் ஒரேயொரு ஆவணமான விடைத்தாள் ஏதோவொரு களஞ்சிய அறையில் கட்டப்பட்டுக் கிடந்து, குறித்த காலம் சென்றதும் அழிக்கப்பட்டுவிடும்.

எனக்குத் தெரிந்த ஆசிரியர் ஒருவர் சேவைப் பரீட்சையொன்றில் ஒரு பாடத்தில் 39 புள்ளி பெற்றார். தேவைப்பட்டது 40. ஏனைய பாடங்களில் நல்ல புள்ளிகள். விடைத்தாளைப் பார்க்கக் கேட்டு எழுதிய கடிதத்துக்கு, "அவ்வாறு காண்பிக்கும் நடைமுறை இல்லை" என்று ஒரே வரியில் பதில் வந்தது. அவருக்கு வயது எல்லை தாண்டியதால் மறுமுறை எழுத முடியவில்லை. அந்த 39 சரியாகவே இருந்திருக்கலாம். அவருடைய விடை உண்மையிலேயே அவ்வளவுக்குத்தான் பெறுமதியாக இருந்திருக்கலாம். ஆனால் இன்றுவரை அவர் அதை நம்பவில்லை; நம்பச் சொல்வதற்கு எம்மிடமும் எதுவுமில்லை.

இது பற்றிச் சட்டம் என்ன சொல்கிறது என்பதைத்தான் இங்கு எழுத விரும்புகிறேன். நமது சட்டத்தை விளங்கிக்கொள்வதற்கு, இதே கேள்வியை நமக்கு முன்னரே நீதிமன்றப் படியேற்றிய இந்தியாவின் அனுபவத்திலிருந்து தொடங்குவது பொருத்தம்.

இந்தியாவில் நடந்தது

இந்தியாவின் தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005ஆம் ஆண்டுக்குரியது. சீ.பி.எஸ்.ஈ. எனப்படும் மத்திய இடைநிலைக் கல்விச் சபை 2008இல் நடத்திய பரீட்சையை எழுதிய ஒரு பாடசாலை மாணவர், தனது புள்ளிகளில் திருப்தியின்றி, விடைத்தாளைப் பார்க்கவும் மீளத் திருத்தவும் கோரி அச்சட்டத்தின் கீழ் விண்ணப்பித்தார். சபை மறுத்தது. பரீட்சகருக்கும் சபைக்கும் இடையிலுள்ளது நம்பிக்கைப் பொறுப்பு உறவு, எனவே திருத்திய தாளை வெளியிட முடியாது என்பது அது சொன்ன பிரதான காரணம். மாணவர் கல்கத்தா மேல் நீதிமன்றத்தை நாடினார். பார்க்கலாம், ஆனால் மீளத் திருத்தும்படி கட்டளையிட முடியாது என்று 2009 பெப்ரவரியில் அந்த நீதிமன்றம் தீர்த்தது. சபை டெல்லி உச்ச நீதிமன்றத்துக்குப் போனது.

2011 ஓகஸ்ட் 9ஆம் திகதி நீதியரசர்கள் ஆர்.வி. இரவீந்திரன், ஏ.கே. பட்நாயக் ஆகியோர் வழங்கிய தீர்ப்பு மாணவருக்குச் சாதகமாக அமைந்தது. எழுதிய விடையும் அதன்மேல் பரீட்சகர் இட்ட புள்ளியும் குறிப்பும் சட்டத்தின் கருத்தில் 'தகவல்'தான் என்றார்கள். பரீட்சகர் தனது வேலையைச் செய்து தாளைச் சபையிடம் ஒப்படைத்த பிறகு, அந்தத் தாளில் அவருக்காகப் பாதுகாக்க வேண்டிய எந்த இரகசியமும் சபையிடம் இல்லை. அதேவேளை பரீட்சகரின் பெயர், கையொப்பம், குறியீட்டு இலக்கம் போன்றவற்றை வெளியிடக்கூடாது. தோல்வியுற்ற ஒருவர் பரீட்சகரைத் தேடிப்போய்த் தொந்தரவு செய்யக்கூடும் என்ற அச்சம் நியாயமானதே. எனவே அப்பகுதிகளை மறைத்துவிட்டு மிகுதியைக் காட்ட வேண்டும்.

இத்தீர்ப்பில் என்னை மிகவும் கவர்ந்தது, பார்ப்பதையும் மீளத் திருத்துவதையும் அது வேறுபடுத்திய விதம். மீளத் திருத்தல் இல்லை என்று பரீட்சை விதிகள் சொல்லலாம். அதனால் பார்க்கவும் முடியாது என்றாகிவிடாது. நமது அலுவலகங்களில் இவ்விரண்டும் எப்போதும் ஒன்றாகவே குழப்பப்படுகின்றன. "காட்டினால் எல்லோரும் மறுபடி திருத்தச் சொல்லி வருவார்கள்" என்பதுதான் வழமையான பதில். வரட்டுமே. மீளத் திருத்துவதா இல்லையா என்பது வேறொரு விதியின் கீழ் தீர்மானிக்கப்பட வேண்டிய வேறொரு விடயம். எனது தாளைப் பார்த்து, "ஆம், இவ்விடத்தில் நான் தவறிவிட்டேன்" என்று அமைதியடைவதற்கும் எனக்கு உரிமை இருக்கிறது.

அத்தீர்ப்பிலேயே ஓர் எச்சரிக்கையும் உண்டு. தாளை எவ்வளவு காலம் வைத்திருக்க வேண்டுமென்று பரீட்சை அமைப்பின் விதி சொல்கிறதோ, அக்காலத்துக்குள்தான் இவ்வுரிமை உயிரோடிருக்கும். சீ.பி.எஸ்.ஈ. விதியில் அது மூன்று மாதங்களாக இருந்தது. அழிக்கப்பட்ட தாளைச் சட்டம் மீட்டுத் தராது.

சிவில் சேவைப் பரீட்சைக்கு வந்தபோது

மேலே சொன்னது ஒரு பாடசாலைப் பரீட்சை. யூ.பி.எஸ்.சி. எனப்படும் இந்திய மத்திய ஆணைக்குழு நடத்தும் சிவில் சேவைப் பரீட்சை வேறு அளவிலானது. முதனிலைப் பரீட்சையை இலட்சக்கணக்கானோர் எழுதுகின்றனர். அதிலிருந்து வெற்றிடங்களைப் போல் சுமார் பன்னிரண்டு, பதின்மூன்று மடங்கினர் மட்டும் பிரதான பரீட்சைக்குச் செல்வர். பிரதான பரீட்சை முழுவதும் விரிவான விடை எழுதும் வினாப்பத்திரங்கள். தரவரிசைக்குக் கணக்கிடப்படுபவை ஏழு, ஒவ்வொன்றுக்கும் 250 புள்ளிகள், ஆக 1750. நேர்முகத்துக்கு 275. பொதுப் பிரிவினருக்கு 32 வயது வரை ஆறு முறைதான் வாய்ப்பு. இப்படிப்பட்ட இடத்தில் ஒரு புள்ளி என்பது ஒரு மனிதனின் வாழ்க்கைப் பாதை.

அங்குதான் உச்ச நீதிமன்றம் பின்வாங்கியது. 2018 பெப்ரவரி 20ஆம் திகதி நீதியரசர்கள் ஏ.கே. கோயல், யு.யு. லலித் ஆகியோர் வழங்கிய தீர்ப்பில், சிவில் சேவைப் பரீட்சையின் புள்ளி விபரங்களை இயந்திரத்தனமாக வெளியிடும்படி கட்டளையிட முடியாது என்றனர். உண்மையில் அவ்வழக்கில் கேட்கப்பட்டது விடைத்தாள் அல்ல. 2010 முதனிலைப் பரீட்சையின் புள்ளிகள், வெட்டுப்புள்ளி, புள்ளிகளைச் சமப்படுத்திய முறை, மாதிரி விடைகள் ஆகியனவே கேட்கப்பட்டன. ஆயினும் விடைத்தாளைக் காட்டுவதால் வரக்கூடிய சிக்கல்கள் பற்றி முன்னைய வழக்கொன்றில் ஆராயப்பட்டவற்றைத் தீர்ப்பு கையிலெடுத்துக்கொண்டது. அதனால் இன்றுவரை சிவில் சேவை விடைத்தாளைக் கேட்போருக்குக் குறுக்கே நிற்பது இத்தீர்ப்புத்தான்.

அந்தக் காரணங்களில் ஒன்று கனமானது. பல பரீட்சகர்கள் ஒரே பாடத்தைத் திருத்தும்போது ஒருவர் கை தாராளமாகவும் மற்றவர் கை இறுக்கமாகவும் இருக்கும். இதைச் சமப்படுத்த ஆரம்பப் புள்ளிகள் பின்னர் கூட்டவோ குறைக்கவோ படுகின்றன. எனவே தாளில் 112 என்றும் பெறுபேற்றில் 104 என்றும் இருந்தால், அதைப் பார்ப்பவர் மோசடி நடந்துவிட்டதென்று நினைக்கலாம். விடைத்தாள் திருத்தும் குழுக்களில் இருந்த எனக்கு இது நன்றாகவே விளங்குகிறது. முதல் நாள் காலையில் திருத்திய கட்டுக்கும் நான்காம் நாள் மாலையில் திருத்திய கட்டுக்கும் இடையில் என் கையே மாறியிருக்கும். ஆனால் இதற்கான பரிகாரம் சமப்படுத்திய முறையையும் சேர்த்து வெளியிடுவதே தவிர, தாளை ஒளிப்பதல்ல. தனியார் வகுப்புகள் இத்தாள்களைத் தவறாகப் பயன்படுத்தும், நிர்வாகத்துக்கு நேரம் வீணாகும் என்ற மற்றக் காரணங்கள் எனக்கு மிகவும் மெலிந்தவையாகவே தெரிகின்றன. ஒன்றும் காட்டாத இன்றைய நிலையிலும் அந்த வகுப்புகள் நன்றாகத்தான் நடக்கின்றன.

மாநில ஆணைக்குழுக்கள் விடயத்தில் அதே நீதிமன்றம் வேறுவிதமாகத் தீர்ப்பளித்திருப்பதையும் சொல்ல வேண்டும். கேரள பகிரங்க சேவை ஆணைக்குழுவின் வழக்கில் 2016 பெப்ரவரியில், விண்ணப்பதாரிக்கு விடைத்தாளை வழங்கலாம், பரீட்சகரின் பெயரைத்தான் வழங்கக்கூடாது என்றது. சிவில் சேவைத் தீர்ப்பு வந்து ஐந்து மாதங்கள்கூட ஆகாத நிலையில், 2018 ஜூலையில், உத்தரப் பிரதேச ஆணைக்குழு தனது விண்ணப்பதாரி ஒருவருக்கு விடைத்தாளைப் பார்க்க நாளும் இடமும் குறித்துக் கொடுக்க வேண்டுமென்று உத்தரவிட்டது. ஆக, ஒரே நாட்டில், ஒரே சட்டத்தின் கீழ், மாநில அதிகாரியாக விரும்புபவர் தன் தாளைப் பார்க்கலாம். மத்திய அதிகாரியாக விரும்புபவர் பார்க்க முடியாது.

அயர்லாந்தின் கணக்காளர்

ஐரோப்பாவில் இந்தக் கேள்வி வேறு வாசலால் நுழைந்தது. அயர்லாந்தில் பயிலுநர் கணக்காளர் ஒருவர் 2009இல் தொழில்சார் பரீட்சையொன்றில் நான்காவது தடவையாகத் தோல்வியுற்று, தனது விடைத்தாளைக் கேட்டார். அவர் நாடியது தகவலறியும் சட்டத்தை அல்ல, தனிப்பட்ட தரவுகளைப் பாதுகாக்கும் சட்டத்தை. விடைத்தாள் தனிப்பட்ட தரவு அல்லவென்று அந்நாட்டுத் தரவுப் பாதுகாப்பு ஆணையாளர் கைவிரித்தார். வழக்கு இழுபட்டு ஐரோப்பிய ஒன்றியத்தின் நீதிமன்றம் வரை சென்றது. 2017 டிசம்பர் 20இல் வந்த தீர்ப்பு, ஒருவர் எழுதிய விடையும் அதன்மேல் பரீட்சகர் எழுதிய குறிப்பும் அவரது தனிப்பட்ட தரவே என்றது.

தனிப்பட்ட தரவில் பிழையிருந்தால் திருத்தும்படி கேட்கும் உரிமையும் அச்சட்டத்தில் உண்டு. அப்படியென்றால் பரீட்சார்த்தி தனது பிழையான விடையைப் பிறகு திருத்திக்கொள்ளலாமா? முடியாது என்றது நீதிமன்றம். ஆனால் ஒருவரின் தாள் இன்னொருவரின் பெயருக்கு மாறிப்போயிருந்தால், இடையில் சில பக்கங்கள் தவறிப்போயிருந்தால், அதைத் திருத்தும்படி கேட்கலாம். தாள் மாறுவதும் பக்கம் தவறுவதும் திருத்தும் மண்டபத்தில் இருந்தவர்களுக்குப் புதினமல்ல. மேலதிகத் தாள் கட்டியிருந்த நூல் அறுந்தால் போதும். இவ்வகைப் பிழையை மொத்தத்தை மறுபடி கூட்டிப் பார்ப்பதால் கண்டுபிடிக்க முடியாது. எழுதியவர் தன் கையெழுத்தைத் தானே பார்த்தால்தான் தெரியும்.

நமது சட்டம்

சிவில் சேவை என்ற பெயர் நம் நாட்டில் 1963 மே மாதத்தோடு போய்விட்டது. அதன் இடத்தில் வந்ததே இன்றைய நிர்வாக சேவை. கல்வி நிர்வாக சேவை, அதிபர் சேவை, ஆசிரியர் கல்வியியலாளர் சேவை, வினைத்திறன்காண் தடைதாண்டல் பரீட்சைகள் என்று ஓர் அரச ஊழியரின் வாழ்நாளில் பாதி பரீட்சையோடுதான் கழிகிறது. இவற்றுள் பெரும்பாலானவற்றைப் பரீட்சைத் திணைக்களமே நடத்துகிறது. க.பொ.த. பரீட்சைகளுக்கு மீள்பரிசீலனை விண்ணப்பம் என்ற ஒன்று இருக்கிறது. பிரயோசனமானதுதான், எனினும் அதன் முடிவாகக் கிடைப்பதும் இன்னோர் எண்தான், தாள் அல்ல.

2015இல் கொண்டுவரப்பட்ட 19ஆவது திருத்தம், தகவலைப் பெறும் உரிமையை 14அ உறுப்புரையாக அரசியலமைப்பில் சேர்த்தது. அதனைச் செயற்படுத்துவது 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க தகவலுக்கான உரிமைச் சட்டம். அது 2017 பெப்ரவரி 3ஆம் திகதி முதல் நடைமுறையில் உள்ளது. தகவலை மறுக்கக்கூடிய சந்தர்ப்பங்கள் 5(1) பிரிவில் பட்டியலிடப்பட்டுள்ளன. அவற்றில் ஒன்று பரீட்சை பற்றியது. பரீட்சைத் திணைக்களத்தினால் அல்லது உயர்கல்வி நிறுவனமொன்றினால் நடத்தப்படுகின்ற பரீட்சையொன்றின் நேர்மைக்கு, குறித்த தகவலின் வெளிப்படுத்துகை தீங்கு விளைவிக்குமாயின் அதனை மறுக்கலாம் என்பது அதன் சாரம்.

இவ்வாசகத்தைச் சற்று நின்று பார்க்க வேண்டும். பரீட்சை சம்பந்தமான எல்லாத் தகவல்களும் இரகசியம் என்று அது சொல்லவில்லை. தீங்கு விளையும் என்று அதிகாரி காட்ட வேண்டும். 'நடத்தப்படுகின்ற' என்ற சொல்லை இரு விதமாக வாசிக்கலாம். திணைக்களம் வழமையாக நடத்தும் எந்தப் பரீட்சையும் என்பது ஒன்று. இப்போது நடந்துகொண்டிருக்கும் பரீட்சை என்பது மற்றது. முதலாவது வாசிப்பை எடுத்தாலும்கூட, பெறுபேறு வெளியாகி, நியமனமும் வழங்கப்பட்ட ஒரு பரீட்சையின் நேர்மை, எழுதியவர் தன் சொந்த விடையைப் பார்ப்பதால் எப்படிக் கெடும்? பரீட்சைக்கு முன்னர் வினாப்பத்திரத்தைக் கேட்டால் கெடும். பல்தேர்வு வினாக்களை வங்கியில் வைத்து மீண்டும் மீண்டும் பயன்படுத்துகிறார்களென்றால் அதிலும் ஒரு நியாயம் உண்டு. கட்டுரை வகை விடைக்கு அந்த நியாயம் பொருந்தாது.

இன்னொன்று: அவ்விதிவிலக்கில் சொல்லப்பட்டிருப்பவை பரீட்சைத் திணைக்களமும் உயர்கல்வி நிறுவனங்களும் மட்டுமே. மாகாண மட்டத்தில் ஓர் ஆணைக்குழுவோ, ஒரு கூட்டுத்தாபனமோ தானாகவே ஆட்சேர்ப்புப் பரீட்சை நடத்தியிருந்தால், இந்த விதிவிலக்கின் நிழலில் ஒதுங்க அதற்கு இடமிருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

மறுப்பதற்குக் காரணம் இருந்தாலும், வெளியிடுவதிலுள்ள பொதுநலன் அதனால் விளையும் தீங்கைவிட மேலோங்குமாயின் மறுக்கக்கூடாது என்கிறது 5(4) பிரிவு. ஆவணத்தின் ஒரு பகுதிதான் விலக்களிக்கப்பட்டதென்றால் மிகுதியைக் கொடுக்க வேண்டும் என்கிறது 6ஆம் பிரிவு. பரீட்சகரின் பெயரையும் குறியீட்டையும் மறைத்துவிட்டுத் தாளைக் காட்டுவதற்கான வழி நமது சட்டத்துக்குள்ளேயே இருக்கிறது. இதிலே நான் ஒரு விடயத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். தமிழ்மொழி மூலத்தில் சில பாடங்களைத் திருத்துவோர் மிகச் சிலர். பெயரை மறைத்தாலும் கையெழுத்தை வைத்தே "இது இன்ன சேர்" என்று கண்டுபிடித்துவிடக்கூடிய சிறிய உலகம் இது. எனவே பெயர் மட்டுமல்ல, ஓரத்தில் எழுதிய குறிப்புகளையும் தட்டச்சு செய்து கொடுக்க வேண்டிய நிலை வரலாம். அது நடைமுறைச் சிக்கல், தீர்க்கக்கூடிய சிக்கல்.

தமிழ்மொழி மூலம் பற்றிச் சொன்னதால் இதையும் சொல்லிவிடுகிறேன். நம் பிரதேசங்களிலிருந்து போட்டிப் பரீட்சைகளுக்குத் தோற்றுவோரிடம், மொழிபெயர்ப்பில் வினா பிசகிவிட்டது, புள்ளித்திட்டம் ஒரு மொழிக்கு ஏற்றவாறு அமைந்துவிட்டது என்ற பேச்சு ஒவ்வொரு பெறுபேற்றுக்குப் பின்னரும் எழும். சில நேரம் அது தோல்வியின் வலியில் பிறந்த பேச்சு. சில நேரம் உண்மையாகவும் இருக்கலாம். திருத்திய தாளையும் புள்ளித்திட்டத்தையும் அருகருகே வைத்துப் பார்க்க முடிந்தால் எது எதுவென்று அரை மணித்தியாலத்தில் தெரிந்துவிடும். பார்க்க முடியாதபோது அது இனங்களுக்கிடையிலான சந்தேகமாக வளர்ந்து, பள்ளிவாசல் முற்றத்திலும் தேநீர்க் கடையிலும் வருடக்கணக்கில் பேசப்படுகிறது.

விண்ணப்பிக்க நினைப்போருக்கு

பெறுபேறு வந்தவுடனேயே விண்ணப்பியுங்கள். மேன்முறையீடு, ஆலோசனை, அரசியல்வாதியின் கடிதம் என்று மாதங்களைக் கழித்துவிட்டுச் சென்றால் தாள் இருக்காது. குறித்த நிறுவனத்தின் தகவல் அலுவலருக்குத் தமிழிலேயே எழுதலாம். ஆர்.டி.ஐ. 01 படிவம் இருந்தால் வசதி. ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் சொல்லத் தேவையில்லை.

எதைக் கேட்பது என்பதில்தான் பலர் தவறுகிறார்கள். "நான் ஏன் சித்தியடையவில்லை?" என்று கேட்டால் பதில் வராது, சட்டம் தருவது இருக்கின்ற ஆவணங்களை, விளக்கங்களை அல்ல. பரீட்சையின் பெயர், ஆண்டு, சுட்டெண், பாடம் ஆகியவற்றைக் குறிப்பிட்டு, அப்பாடத்தில் எனது திருத்தப்பட்ட விடைத்தாளின் பிரதி, அதற்குரிய புள்ளித்திட்டம், வினாவாரியான புள்ளிகள், சமப்படுத்தல் செய்யப்பட்டிருப்பின் அதன் முறை என்று கேளுங்கள். பிரதி தர முடியாவிடின் நேரில் பார்வையிட அனுமதி தரும்படியும் அதே கடிதத்தில் எழுதுங்கள். முதலிடம் பெற்றவரின் தாளைக் கேட்கப் போகாதீர்கள். அது அவரது தனியுரிமை. உங்கள் விண்ணப்பத்தையும் அது பலவீனப்படுத்தும்.

தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானத்தைச் சொல்ல வேண்டும். மறுத்தால், அல்லது மௌனமாக இருந்தால், 14 நாட்களுக்குள் அதே நிறுவனத்தின் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு செய்யலாம். அவருக்கு மூன்று வாரம். அதிலும் திருப்தியில்லையென்றால் இரண்டு மாதங்களுக்குள் தகவல் அறியும் உரிமைக்கான ஆணைக்குழுவுக்குச் செல்லலாம். அதற்குப் பின்னர் மேன்முறையீட்டு நீதிமன்றம். ஆணைக்குழு வரை செல்வதற்குச் சட்டத்தரணி அவசியமில்லை. ஆவணங்களை ஒழுங்காக வைத்திருந்தால் போதும். அனுமதி அட்டை, பெறுபேற்றுப் பிரதி, பதிவுத் தபால் துண்டு ஆகிய மூன்றையும் ஒரு கோவையில் போட்டு வையுங்கள்.

மறுப்புக் கடிதத்தில் "நடைமுறை இல்லை", "சுற்றறிக்கைக்கு முரணானது" என்று மட்டும் இருந்தால் அது சட்டம் கேட்கும் காரணமல்ல. 5ஆம் பிரிவின் எந்தப் பந்தியின் கீழ் மறுக்கப்படுகிறது என்று கேட்டு எழுதுங்கள். தாள் ஏற்கனவே அழிக்கப்பட்டுவிட்டதாகப் பதில் வந்தால், எந்தத் திகதியில், எந்த விதியின் கீழ், யாருடைய கையொப்பத்துடன் அழிக்கப்பட்டது என்ற பதிவேட்டின் பிரதியைக் கேளுங்கள். அதுவும் ஓர் ஆவணம்தான்.